மூன்றாவது ஆள்

நாவல் எழுதுகிறவனுக்கு மிகவும் வேண்டிய சாமான் எது என்று யாராவது கேட்டால், தயங்காமல் 'இரகசியம்' என்று சொல்லிவிடுவேன். ஒருவருக்குத் தெரிந்தது மற்றவருக்குத் தெரியாது என்ற நிலைமை ஏற்பட்டவுடனேயே கதை தானாக நடக்க ஆரம்பித்துவிடுகிறது. கணவன் மனைவியைப் பற்றிய கதைகளில் இது இன்னும் நிச்சயம். பிரெஞ்சு நாவலில் வரும் எம்மா பொவாரி கணவனுக்குத் தெரியாமல் காதலிக்கிறாள். கணவனுக்குத் தெரியாமல் கடனும் வாங்குகிறாள். இரண்டில் எது அவளைக் கொன்றது என்று கேட்டால் கடன்தான் என்றுகூடச் சொல்லலாம். டால்ஸ்டாயின் அன்னா இன்னும் துணிச்சல்காரி. குதிரைப் பந்தயத்திலிருந்து வீடு திரும்பும்போது வண்டியிலேயே கணவனிடம் உள்ளதைச் சொல்லிவிடுகிறாள். ஆனாலும் இரகசியம் ஒழிந்தபாடில்லை. "எனக்குத் தெரிந்தது போகட்டும், ஊருக்குத் தெரியக்கூடாது" என்பதே அந்தக் கணவனின் நிலை. வீட்டுக்குள்ளிருந்த இரகசியம் வாசலுக்கு மாற்றப்படுகிறது, அவ்வளவுதான்.

இரகசியத்தை அடியோடு எடுத்துவிட்டால் என்ன ஆகும்? கணவனும் மனைவியும் எதிரெதிரே உட்கார்ந்து, "உனக்கு வேறொருவரிடம் போகத் தோன்றினால் போ, எனக்குத் தோன்றினால் நானும் போகிறேன், ஆனால் ஒருவரிடம் ஒருவர் எதையும் மறைக்க வேண்டாம், பிரியவும் வேண்டாம்" என்று ஒப்பந்தம் செய்துகொண்டால் கதாசிரியன் எதை வைத்துக் கதை பண்ணுவான்? மேல்நாட்டு டெலிவிஷன் நாடகங்கள் சில, சென்ற பத்துப் பதினைந்து ஆண்டுகளாக இந்தக் கேள்வியோடு மல்லுக்கு நிற்கின்றன. 'திறந்த தாம்பத்தியம்' என்று அதற்கு ஒரு பெயரும் வைத்திருக்கிறார்கள். பெயர் புதிதல்ல. 1972ல் அமெரிக்காவில் நீனா ஓநீல், ஜார்ஜ் ஓநீல் என்ற மானிடவியல் தம்பதிகள் இதே பெயரில் ஒரு புத்தகம் எழுத, அது ஏராளமாக விற்றது. புத்தகத்தின் பெரும்பகுதி கணவனும் மனைவியும் தனித்தனி மனிதர்களாக வளர்வதைப் பற்றியது. வெளியுறவைப் பற்றிய சில பக்கங்கள்தாம் ஊர் வாயில் விழுந்தன. 1977ல் நீனா அம்மாள் தாம் எழுதிய இன்னொரு புத்தகத்தில், கற்பு நெறிக்கே மறுபடி மதிப்புக் கொடுத்துப் பேசினார். அதை முதற் புத்தகத்தைப் போல் யாரும் பரபரப்பாகப் பேசவில்லை.

இப்படிப்பட்ட நாடகங்களைப் பற்றி எழுதத்தான் வேண்டுமா என்று முகத்தைச் சுளிக்கும் அன்பர்கள் உண்டு. அவர்களிடம் எனக்குக் கோபம் இல்லை. ஆனால் ஒரு கதை ஒழுக்கக் கேடானதா இல்லையா என்பதை அது எடுத்துக்கொண்ட விஷயத்தை வைத்து முடிவு செய்ய முடியாது என்பது என் அபிப்பிராயம். எடுத்துக்கொண்ட விஷயத்தில் பொய் சொல்கிறதா என்றுதான் பார்க்க வேண்டும். நெருப்பைப் பற்றி எழுதலாம். நெருப்புச் சுடாது என்று எழுதுவதுதான் தவறு. இந்த நாடகங்கள் சுடுகிற இடத்தைக் காட்டுகின்றனவா, யாரைச் சுடுகிறது என்று சொல்கின்றனவா என்ற ஒரே அளவுகோலைத்தான் நான் கையில் வைத்துக்கொண்டிருக்கிறேன்.

முதலில் 'வாண்டர்லஸ்ட்' என்ற நாடகத்தை எடுத்துக்கொள்கிறேன். அலைந்து திரியும் ஆசை என்று அதற்குப் பொருள். 2018 செப்டம்பரில் பி.பி.சி.யின் முதல் அலைவரிசையில் ஆறு பகுதிகளாக வந்தது. வெளிநாட்டாருக்கு நெட்பிளிக்ஸ் மூலம் கிடைத்தது. எழுதியவர் நிக் பெய்ன் என்ற ஆங்கில நாடகாசிரியர். 2010ல் லண்டன் ராயல் கோர்ட் அரங்கில் நடந்த தம் மேடை நாடகத்தையே விரித்து இப்படி ஆக்கியிருக்கிறார்.

ஜாய் என்பவள் மனநல ஆலோசகி. நாள் முழுவதும் பிறருடைய துக்கங்களைக் காது கொடுத்துக் கேட்பது அவள் தொழில். கணவன் ஆலன் பள்ளிக்கூட ஆசிரியர். வளர்ந்த பிள்ளைகள் இருக்கிறார்கள். சைக்கிள் விபத்து ஒன்றில் அடிபட்ட ஜாய் மெல்லத் தேறிவருகிறாள். தேறியபின் கணவனும் மனைவியும் பழையபடி நெருங்கப் பார்க்கிறார்கள், முடியவில்லை. சண்டை இல்லை, வெறுப்பு இல்லை, ஆசைதான் இல்லை. இதற்கிடையில் ஆலன் தன்னோடு வேலை பார்க்கும் கிளேர் என்ற ஆசிரியையிடம் போய்விடுகிறார். ஜாய்க்கும் நீர்ச் சிகிச்சை வகுப்பில் பழக்கமான மார்வின் என்ற மனிதனோடு ஒரு நெருக்கம் ஏற்படுகிறது. இரண்டையும் இருவரும் ஒருவரிடம் ஒருவர் சொல்லிவிடுகிறார்கள். பழைய நாடகமாயிருந்தால் இந்த இடத்தில் பெட்டியைக் கட்டியிருப்பார்கள். இங்கே என்ன நடக்கிறது என்றால், உண்மையைச் சொன்ன மாத்திரத்தில், வெகு காலமாக அவிந்து கிடந்த பிரியம் இருவருக்குள்ளும் மூண்டுவிடுகிறது. அதைப் பார்த்து ஜாய்க்கு ஒரு யோசனை தோன்றுகிறது. "நாம் சேர்ந்தே இருப்போம், ஆனால் மற்றவர்களிடமும் போய்வருவோம்" என்கிறாள்.

இந்த முதற் பகுதியை நான் மிகவும் ரசித்தேன். ஜாயாக நடிப்பவர் டோனி கோலெட் என்ற ஆஸ்திரேலிய நடிகை. ஆலனாக ஸ்டீவன் மேக்கின்டோஷ். நெடுங்காலம் சேர்ந்து வாழ்ந்தவர்களுக்கு ஏற்படும் ஒரு விசித்திரமான கூச்சம் இருக்கிறதே, அதை இவ்வளவு நுட்பமாக நான் அதிகம் பார்த்ததில்லை. அயலாரிடம் கூச்சம் வருவது இயற்கை. நம் உடம்பில் எந்த இடத்தில் மச்சம் இருக்கிறது என்பதுகூடத் தெரிந்த மனிதரிடம் வரும் கூச்சம் வேறு ஜாதி. அதற்கு இன்னும் யாரும் பெயர் வைக்கவில்லை. போர்வையைச் சரி செய்வது, விளக்கை அணைக்கலாமா என்று கேட்பது, தவறிப்போனபின் இருவரும் அளவுக்கு மீறி மரியாதையாகப் பேசிக்கொள்வது ஆகிய சின்ன விஷயங்களில் அதைக் காட்டிவிடுகிறார்கள். உண்மையைச் சொன்ன மறு நிமிஷம் அவர்கள் முகத்தில் தெரிகிற ஒளியும் பொய்யல்ல. காமத்தால் வந்த ஒளி என்று பார்க்கிறவர்கள் நினைக்கலாம். எனக்கு அது, ஒருவருக்கொருவர் மறுபடி அந்நியராகிவிட்ட சந்தோஷமாகத்தான் பட்டது.

ஆனால் இரண்டாம் பகுதியிலிருந்து ஒரு குறை என் மனத்தில் மெல்லத் தலை காட்டியது. ஒப்பந்தம் செய்துகொண்டவர்கள் இரண்டு பேர். ஒப்பந்தத்தால் பாதிக்கப்படுகிறவர்கள் நான்கு பேர். கிளேரிடம் யாராவது கேட்டார்களா? மார்வினிடம் யாராவது கேட்டார்களா? ஜாயும் ஆலனும் சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து விதி வகுக்கும்போது, மற்றவர்கள் இருவரும் அந்த விதிகளில் வரும் பெயர்ச்சொற்களாகத்தான் இருக்கிறார்கள். கிளேர் மருந்து, ஆலன் நோயாளி, வியாதியோ தாம்பத்தியத்துக்கு வந்தது. மருந்துப் புட்டியிடம் யாராவது சௌக்கியம் விசாரிப்பதுண்டோ?

ஆசிரியருக்கு இது தெரியாமல் இல்லை. ஆலனுக்கு ஒரு கட்டத்தில் கிளேரிடம் காதலே உண்டாகிவிடுகிறது. விதிகளில் இதற்கு இடம் இல்லை. எங்கே வேண்டுமானாலும் போய்வரலாம், ஆனால் மனத்தை வீட்டிலேயே வைத்துவிட்டுப் போக வேண்டும் என்பதுதானே ஒப்பந்தத்தின் சாரம்? குடை மாதிரி, செருப்பு மாதிரி, மனத்தை இந்த இடத்தில் இருக்கட்டும் என்று விட்டுப் போக முடிவதில்லை. அது நாய்க்குட்டியைப் போல் பின்னாலேயே வந்துவிடுகிறது. நாடகத்தின் மிக உண்மையான இடம் இதுதான். இங்கிருந்து கிளேரின் வீட்டுக்குள் ஆசிரியர் நுழைந்திருந்தால், ஒரு பெரிய நாடகம் பிறந்திருக்கும். ஒரு மனிதரை அவருடைய மனைவியின் அனுமதியோடு காதலிப்பது என்றால் என்ன? அனுமதிச் சீட்டு என்றைக்கு ரத்தாகும் என்று தெரியாமல் மாலை நேரங்களை எண்ணிக்கொண்டிருப்பது எப்படி இருக்கும்? பள்ளிக்கூட ஆசிரியர் அறையில் அவரைப் பார்க்கும்போது எந்த முகத்தை வைத்துக்கொள்வது? இவை கேட்கப்படுகின்றன, ஆனால் போகிற போக்கில் கேட்கப்படுகின்றன.

நாடகம் போவது வேறு பக்கம். ஐந்தாம் பகுதி ஏறக்குறைய முழுவதும் ஒரே அறையில் நடக்கிறது. பிறருக்கு ஆலோசனை சொல்லும் ஜாய், தானே ஓர் ஆலோசகியின் முன் உட்கார்ந்து பேசுகிறாள். ஆலோசகியாக வரும் ஸோபி ஓகனேடோவின் மௌனங்களும் கோலெட்டின் பேச்சும் சேர்ந்து அந்த ஒரு மணி நேரத்தை மேடை நாடகத்துக்கு நிகராகச் செய்துவிடுகின்றன. நடிப்புக் கற்கிறவர்கள் இரண்டு தடவை பார்க்க வேண்டிய பகுதி. உரித்து உரித்துப் பார்க்கும்போது அடியிலிருந்து ஒரு பழைய துயரம் வெளிப்படுகிறது. அது என்ன என்று நான் சொல்லப் போவதில்லை. பார்க்கப் போகிறவர்களின் ரசனையைக் கெடுப்பானேன்?

ஆனால் அந்தப் பகுதி முடிந்ததும் எனக்கு ஒரு சந்தேகம் ஏற்பட்டது. இதுவரை நாடகம் நம்மிடம் ஒரு கேள்வி கேட்டுக்கொண்டிருந்தது. இரண்டு மனிதர்கள், உண்மையை மறைக்காமல், அன்பைக் குறைக்காமல், தங்கள் வாழ்க்கையில் பிறருக்கும் இடம் கொடுக்க முடியுமா என்பது அந்தக் கேள்வி. ஐந்தாம் பகுதி அதற்குப் பதில் சொல்லவில்லை. ஜாய் ஏன் அப்படி ஓர் யோசனையைச் சொன்னாள் என்பதற்குக் காரணம் சொல்கிறது. பதில் வேறு, காரணம் வேறு. ஒருவன் திருடினால், 'இளமையில் பட்டினி கிடந்தான்' என்பது காரணம். திருடலாமா கூடாதா என்ற கேள்வி அப்படியேதான் நிற்கிறது. இந்தக் காலத்து மனோதத்துவக் கதைகள் எல்லாவற்றிலும் இந்த அபாயம் இருக்கிறது. மனுஷி ஒருத்தி துணிந்து ஒன்றைச் செய்தால், அது அவளுடைய தீர்மானம் என்று ஏற்றுக்கொள்ளாமல், நோயின் அறிகுறி என்று சீட்டு எழுதிக் கொடுத்துவிடுகிறார்கள். ஜாயைப் பழிக்கிறவர்கள்கூட அவளுக்கு இந்த அவமரியாதையைச் செய்யமாட்டார்கள்.

இந்தச் சிக்கல் ஆங்கில டெலிவிஷனோடு பிறந்ததல்ல. இருபதாம் நூற்றாண்டின் மிகப் பிரசித்தமான 'திறந்த' ஒப்பந்தம் 1929ல் பாரிஸில் நடந்தது. ஸார்த்தரும் ஸிமோன் த பொவ்வாவும் கல்யாணம் செய்துகொள்ளாமலே சேர்ந்து வாழத் தீர்மானித்தார்கள். தங்கள் இருவருடைய காதல் அத்தியாவசியமானது, மற்றவர்களிடம் ஏற்படுவது தற்செயலானது என்று பிரித்துக்கொண்டார்கள். எதையும் ஒளிக்காமல் சொல்லிவிடுவது என்பதும் நிபந்தனை. முதலில் இரண்டு வருஷத்துக்கென்று பேசிக்கொண்டார்கள். 1980ல் ஸார்த்தர் இறக்கும் வரை அந்த உறவு நீடித்தது. தத்துவ ஞானிகளின் ஒப்பந்தம் அல்லவா, நன்றாகத்தான் யோசித்திருப்பார்கள்!

ஆனால் பொவ்வா அம்மையாரின் முதல் நாவலைப் பாருங்கள். 1943ல் வெளிவந்தது. 'விருந்தாளிப் பெண்' என்று தலைப்பைத் தமிழாக்கலாம். ஃபிரான்ஸ்வாஸ், பியேர் என்ற இருவர் க்ஸாவியேர் என்ற இளம் பெண்ணைத் தங்கள் வாழ்க்கைக்குள் அழைத்து மூவராக வாழ முயல்கிறார்கள். பொவ்வாவின் மாணவியாக இருந்த ஓல்கா என்ற பெண்ணை ஒட்டி எழுந்த பாத்திரம் அது. புத்தகத்தை அவளுக்கே சமர்ப்பணமும் செய்திருக்கிறார். நாவலின் கடைசியில் என்ன நடக்கிறது? ஃபிரான்ஸ்வாஸ், க்ஸாவியேரின் அறையில் கேஸைத் திறந்துவிட்டு அவளைக் கொன்றுவிடுகிறாள். எந்த இரகசியமும் வேண்டாம், எந்தப் பொறாமையும் வேண்டாம் என்று வாழ்க்கையில் தீர்மானித்த ஒரு பெண், கதை எழுத உட்கார்ந்தபோது மூன்றாவது ஆளைக் கொல்லாமல் கதையை முடிக்க முடியவில்லை! ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டது அறிவு. நாவலை எழுதியது அதற்கும் அடியிலிருந்த ஏதோ ஒன்று. அந்த நாவலின் நேர்மை எனக்கு மிகவும் பிடிக்கும். மூன்றாவது ஆள் மருந்துப் புட்டி அல்ல, தனக்கென்று ஒரு பார்வை உள்ள உயிர், அந்தப் பார்வையைத் தாங்க முடியாமல்தான் கொலை நடக்கிறது என்று அது ஒப்புக்கொள்கிறது.

டெலிவிஷனுக்கு வருவோம். தாம்பத்தியத்தைப் பற்றி எழுதப்பட்ட தொடர்களுக்கெல்லாம் பாட்டனார் ஸ்வீடன் தேசத்து இங்மார் பெர்க்மன் 1973ல் ஆறு பகுதிகளாக எடுத்த 'ஒரு மணவாழ்க்கையின் காட்சிகள்'. லிவ் உல்மனும் எர்லாண்ட் யோசப்ஸனும் மனைவி கணவனாக நடித்தார்கள். முதற் பகுதியில் இவர்கள் வீட்டுக்குப் பேட்டர், கதரீனா என்ற தம்பதிகள் விருந்துக்கு வருகிறார்கள். வந்தவர்கள் சாப்பாட்டு மேஜையிலேயே ஒருவரை ஒருவர் கிழித்தெறிகிறார்கள். நல்லவேளை, நாம் அப்படி இல்லை என்று வீட்டுக்காரர்கள் ஆறுதல் அடைகிறார்கள். அந்த ஆறுதல் எத்தனை நாள் நிற்கிறது என்பதுதான் மீதிக் கதை.

இதையே 2021ல் அமெரிக்காவில் எச்.பி.ஓ. நிறுவனத்துக்காக ஹகாய் லெவி என்ற இஸ்ரேலிய இயக்குநர் ஐந்து பகுதிகளாக மறுபடி எடுத்தார். ஜெஸிகா சாஸ்டைனும் ஆஸ்கர் ஐஸக்கும் நடித்தார்கள். பெர்க்மன் கதையில் வீட்டை விட்டுப் போகிறவன் கணவன், இதில் மனைவி. விருந்துக் காட்சியிலும் ஒரு மாற்றம். இந்தக் காலத்து விருந்தாளிகள் வெறுப்பால் கிழித்துக்கொள்ளும் தம்பதிகள் அல்ல. திறந்த ஒப்பந்தத்தில் வாழும் தம்பதிகள். மனைவியின் வேறொரு சிநேகிதன் அவளை விட்டுப் போய்விட்டான். அந்தத் துக்கத்தோடு கணவன் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறாள். கொஞ்ச நேரத்தில் இந்த மேஜையிலும் பழைய மேஜையில் கேட்ட அதே குத்தல் பேச்சு கேட்கத் தொடங்குகிறது. ஐம்பது ஆண்டுகளுக்குள் மேஜை விரிப்பு மாறியிருக்கிறது; சண்டை மாறவில்லை. லெவி இதைச் சொல்லிக் காட்டவில்லை, பக்கத்தில் வைத்துக் காட்டிவிட்டுப் போகிறார். நல்ல கலைஞர் செய்கிற வேலை.

ஆனால் இங்கேயும் ஒன்றைக் கவனியுங்கள். அந்தப் பெண்ணை அழவைத்த சிநேகிதன் நம் கண்ணுக்குத் தென்படுவதில்லை. பெர்க்மன் நாடகத்தில் கணவனை இழுத்துக்கொண்டு போகும் பாலா என்ற பெண்ணின் பெயரால் ஒரு பகுதியே இருக்கிறது. அவளும் கடைசி வரை திரையில் தோன்றுவதில்லை. பெர்க்மனை நான் குறை சொல்லமாட்டேன். ஒரு மணவாழ்க்கையின் காட்சிகள் என்றுதான் அவர் பலகை மாட்டியிருக்கிறார். இரண்டு பேரை ஓர் அறைக்குள் அடைத்து அவர்கள் முகங்களை மட்டும் நமக்குக் காட்டுவது அவர் வகுத்துக்கொண்ட உத்தி. கதவுக்கு வெளியே இருப்பவர்கள் வெளியேதான் இருக்க வேண்டும். கதவைத் திறந்துவைத்துவிட்டோம் என்று பறையறைகிற நாடகங்களுக்கு இந்தச் சலுகை கிடையாது. கதவு திறந்திருந்தால் உள்ளே யார் வருகிறார்கள் என்று காட்டித்தான் ஆக வேண்டும்.

அப்படிக் காட்டிய ஒரு நாடகம் இருக்கிறது. 2020 மார்ச்சில் பி.பி.சி.யின் இரண்டாம் அலைவரிசையில் வந்த 'ட்ரிகானமெட்ரி'. பள்ளிக்கூடத்தில் நம்மைப் படுத்திய அந்த முக்கோணக் கணிதமேதான். டங்கன் மக்மிலனும் எஃபி வுட்ஸும் சேர்ந்து எழுதிய எட்டுப் பகுதிகள். முதற் பகுதிகளை இயக்கியவர் ஆதினா ரேச்சல் சங்காரி என்ற கிரேக்கப் பெண்மணி.

லண்டனில் ஜெம்மா, கீரன் என்று ஒரு ஜோடி. அவள் புதிதாக ஒரு காப்பிக் கடை தொடங்கியிருக்கிறாள். அவன் ஆம்புலன்ஸில் முதலுதவி செய்யும் உத்தியோகத்தில் இருக்கிறான். அவள் விழித்திருக்கும்போது அவன் தூங்குகிறான், அவன் வரும்போது அவள் புறப்படுகிறாள். லண்டன் வாடகையோ உலகப் பிரசித்தம். கட்டுப்படியாகாமல் ஓர் அறையை உள்வாடகைக்கு விடுகிறார்கள். வந்து சேர்கிறவள் ரே. முப்பது வயசு. கூட்டாக நீச்சல் நடனம் ஆடும் போட்டிகளிலேயே இளமை முழுவதையும் செலவழித்து, அதிலிருந்து ஓய்வு பெற்றவள். தனியாக வாழ்ந்து பழக்கமில்லாதவள்.

மூன்றாவது ஆள் இந்தக் கதையில் திருட்டுத்தனமாக வரவில்லை. ஒப்பந்தத்தின் ஷரத்தாகவும் வரவில்லை. பெட்டியைத் தூக்கிக்கொண்டு வாசல் வழியாக, வாடகை கொடுத்துக்கொண்டு வருகிறாள். ஒருவர் சமைத்ததை மற்றவர் சாப்பிடுவது, குளியலறைக்குக் காத்திருப்பது, கடையில் பாத்திரம் கழுவ ஆள் வராத நாளில் கை கொடுப்பது ஆகிய அன்றாடக் காரியங்களில்தான் பிரியம் வளர்கிறது. யாரும் கொள்கை பேசுவதில்லை. மூவருக்கும் மனம் முதலில் போய்விடுகிறது. வார்த்தை வெகு நேரம் கழித்து மூச்சிரைக்க ஓடிவருகிறது. 'வாண்டர்லஸ்ட்' கதையில் ஒப்பந்தம் முதலில், உணர்ச்சி பிறகு. இதில் உணர்ச்சி முதலில், ஒப்பந்தம் பிறகு. வாழ்க்கையில் எது இயல்பு என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

ரே வெறும் அழகியாக வந்துபோகவில்லை என்பதுதான் இந்த நாடகத்தின் பெருமை. அவளுக்குச் சொந்தமாக ஒரு தோல்வி இருக்கிறது, ஒரு பயம் இருக்கிறது, தன் வாழ்க்கையைத் தானே தொடங்கிவிட வேண்டும் என்ற தவிப்பு இருக்கிறது. கதைக்கு நடுவே ஜெம்மாவும் கீரனும் கல்யாணம் செய்துகொள்கிறார்கள். அந்தக் கல்யாணத்தை நாம் மணமக்கள் பக்கத்திலிருந்து மட்டும் பார்ப்பதில்லை. விருந்தாளிகளுக்கு நடுவே நிற்கும் ரேயின் பக்கத்திலிருந்தும் பார்க்கிறோம். அவ்வளவு பேர் கைதட்டும்போது அவளும் கைதட்டித்தான் ஆக வேண்டும். பல நாடகங்கள் பத்துப் பக்க வசனத்தில் சொல்ல முயன்று தோற்றதை அந்த நிலைமையே சொல்லிவிடுகிறது. ரேயாக நடிக்கும் ஆரியன் லபெத் அதிகம் பேசாமலே இதையெல்லாம் நமக்குப் புரியவைத்துவிடுகிறார்.

இந்த நாடகத்திலும் குறை இல்லாமல் இல்லை. எழுதியவர்கள் தம் பாத்திரங்களிடம் வைத்த பாசம் சற்று அதிகம். மூவரும் நல்லவர்கள், மூவரும் பார்க்க இலட்சணமானவர்கள், மூவரும் ஒருவர் மனத்தை ஒருவர் புரிந்துகொள்ளத் தயாராக இருப்பவர்கள். இவர்களில் ஒருவர் கொஞ்சம் கஞ்சராகவோ, கொஞ்சம் சோம்பேறியாகவோ, குறட்டை விடுகிறவராகவோ இருந்தால் முக்கோணம் என்ன கதிக்கு ஆளாகும்? ஒருவருக்கு நோய் வந்தால் ஆஸ்பத்திரியில் சொந்தக்காரர் என்று கையெழுத்துப் போடுகிறவர் யார்? இங்கிலாந்துச் சட்டம் ஒருவருக்கு ஒருவரைத்தானே கல்யாணம் செய்து வைக்கிறது? ஜெம்மாவின் விரலிலும் கீரன் விரலிலும் மோதிரம் இருக்கிறது. ரேயின் விரலில் இல்லை. அன்பு எவ்வளவு சமமாக இருந்தாலும், சட்டத்தின் கண்ணில் அவள் உள்வாடகைக்கு வந்தவள்தான். இந்தக் கேள்விகளை நாடகம் கொஞ்சம் தொட்டுவிட்டு, சிரித்துக்கொண்டு நகர்ந்துவிடுகிறது.

நம் பழைய கவிதையைப் படித்தவர்களுக்கு இந்த மூன்றாவது ஆள் புதியவள் அல்ல. மருதத் திணையில் தலைவன் பரத்தையிடம் போய்வருகிறான், தலைவி ஊடுகிறாள், பாணனும் தோழியும் தூது நடக்கிறார்கள். ஊரே அறிந்த விஷயம், இரகசியம் ஒன்றும் இல்லை. அதைத் திறந்த தாம்பத்தியம் என்று நான் மெச்சப் போவதில்லை. கதவு ஆண்பிள்ளைக்கு மட்டும் திறந்திருந்தது. தலைவிக்கு இருந்தது ஊடுகிற உரிமை ஒன்றுதான். ஆனாலும் ஒரு விஷயத்தில் அந்தக் கவிகளின் பெருந்தன்மை என்னை வியக்கவைக்கிறது. குறுந்தொகையில் பரத்தைக்கென்று தனிப் பாட்டுக்கள் இருக்கின்றன. அவள் தன் வாயாலேயே பேசுகிறாள். தலைவனைக் கேலி செய்கிறாள், தலைவிக்குப் பதில் சொல்கிறாள், தன் மானத்துக்காக வாதாடுகிறாள். அவளுக்கு வீட்டில் இடம் கொடுக்காத சமூகம், கவிதையில் இடம் கொடுத்திருக்கிறது. ஏறக்குறைய இரண்டாயிரம் வருஷம் கழித்து, எல்லாருக்கும் சமத்துவம் பேசுகிற டெலிவிஷன் நாடகம் கிளேருக்கு இவ்வளவு தூரம் பேச வாய்ப்புத் தரவில்லை என்றால், அதைக் குறை என்று சொல்ல எனக்கு உரிமை உண்டல்லவா?

இந்த நாடகங்களைப் பார்த்துவிட்டு நம் வீட்டுத் தாம்பத்தியங்கள் கெட்டுப்போகும் என்று நான் பயப்படவில்லை. நாடகம் பார்த்துக் கெடுகிற தாம்பத்தியம் ஏற்கெனவே வேறு காரணத்தால் கெட்டிருக்கும். பார்க்கிறவர்களுக்கு இவற்றால் ஒரு லாபம்கூட உண்டு. பொறாமை என்பது அன்பின் அடையாளமா, உடைமை உணர்ச்சியின் அடையாளமா என்று நாம் சாதாரணமாகக் கேட்டுக்கொள்வதில்லை. மறைக்காமல் சொல்லிவிட்டால் செய்த காரியத்தின் பாரம் குறைந்துவிடுமா, அல்லது கேட்டவர் தலைக்கு மாறிவிடுமா என்றும் கேட்டுக்கொள்வதில்லை. ஜாயும் ஆலனும் உண்மை சொல்வதை ஒரு விடுதலையாக நினைத்துத் தொடங்குகிறார்கள். உண்மை சொல்கிறவர்களுக்குப் பொறுப்பு முடிந்துபோய்விடுவதில்லை, அங்கேதான் ஆரம்பமாகிறது என்று அவர்களுக்குப் புரிவதற்குள் இரண்டு மூன்று உள்ளங்கள் நொறுங்கிவிடுகின்றன.

வாசகர்களில் யாருக்காவது அவகாசம் இருந்து பார்க்க நேர்ந்தால், 'வாண்டர்லஸ்ட்' நாடகத்தின் முதற் பகுதியையும் ஐந்தாம் பகுதியையும் நடிப்புக்காகப் பாருங்கள். 'ட்ரிகானமெட்ரி'யை முழுவதும் பாருங்கள். பெர்க்மனை எந்த வயதிலும் பார்க்கலாம்; கல்யாணமாகிப் பத்து வருஷம் கழித்துப் பார்த்தால் நன்றாகப் புரியும். இதே விஷயத்தை நாளைக்குக் கையில் எடுக்கப்போகும் எழுத்தாளர்களுக்கு ஒன்று மட்டும் சொல்ல ஆசைப்படுகிறேன். சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து பேசும் இருவரின் கதையைப் பல பேர் எழுதிவிட்டார்கள். ஒப்பந்தம் முடிவானபின், அதை டெலிபோனில் தெரிவிக்கப்படுகிறவள் ஒருத்தி தன் அறையில் இருக்கிறாள். அந்த அறையில் விளக்கைப் போட்டு, அங்கிருந்து கதையைத் தொடங்குங்கள்.